கூலிக்கு எழுதி, சொந்தமாகப் படமெடுத்தவர்

1978இல் வெளிவந்த ‘பிரானா’ படத்தின் திரைக்கதையைத் திருத்தி எழுத வந்தவர் முன்னால் இருந்த சிக்கல் ஒன்றுதான். ஆற்றில் ஆளைத் தின்னும் மீன்கள் இருப்பது தெரிந்த பிறகும் மனிதர்கள் ஏன் தண்ணீரில் இறங்குகிறார்கள்? தயாரிப்பாளர் ரோஜர் கோர்மனுக்கு இந்தக் கேள்வியில் பெரிய அக்கறை இல்லை. ‘ஜாஸ்’ கிளப்பிவிட்ட அலை ஓய்வதற்குள் மலிவாக ஒரு படம் வேண்டும், மீன் கடிக்கும் காட்சி அடிக்கடி வர வேண்டும், அவ்வளவுதான். எழுத வந்தவருக்கோ கேள்வி உறுத்தியது. அவர் கண்டுபிடித்த பதில் இது: அந்த மீன்கள் வியட்நாம் ஆறுகளில் விடுவதற்காக அமெரிக்க ராணுவம் வளர்த்தவை. போர் முடிந்து திட்டம் மூடப்பட்டது, மீன்கள் மிஞ்சின. அவை ஆற்றுக்குள் போய்விட்டன என்பதை அதிகாரிகளும் ஆற்றங்கரையில் உல்லாச விடுதி திறப்பவரும் சேர்ந்து மறைக்கிறார்கள். ஆகவே தண்ணீரில் இறங்குகிறவர்களின் மேல் பிழையில்லை. அவர்களுக்கு யாரும் உண்மையைச் சொல்லவில்லை.

இதை எழுதியவர் ஜான் செய்ல்ஸ். கிடைத்த கூலி 10,000 டாலர். அதோடு கோர்மனுக்கு எழுதிய மற்றப் படங்களின் ஊதியத்தையும் சேர்த்து, அதே காலத்தில் தன் முதல் படத்தை எடுத்தார். அப்போது தொடங்கிய வழக்கம் 2013 வரை நீடித்தது. அவர் எழுதி இயக்கிய படங்கள் 18. பிறருக்காக எழுதியவை அதைவிடக் கூடுதல். அவற்றில் பலவற்றில் அவர் பெயரே கிடையாது. அமெரிக்கச் சுயாதீன சினிமாவின் வரலாற்றைப் பேசுகிறவர்கள் இந்த இரண்டையும் தனித்தனியாகப் பிரித்துப் பார்ப்பது வழக்கம்: ஒன்று பிழைப்பு, மற்றொன்று கலை. செய்ல்ஸின் வாழ்க்கையை நெருங்கிப் பார்த்தால் இந்தப் பிரிவினை நிற்காது என்பது என் எண்ணம். கூலி எழுத்து அவருக்குப் பணத்தோடு ஒரு கட்டுமானப் பயிற்சியையும் தந்தது. கையில் உள்ள காசு எவ்வளவு என்று முதலில் கேட்டு, அதற்குள் அடங்குவதாலேயே கூர்மை பெறும் கதையை எழுதுகிற பயிற்சி அது.

செய்ல்ஸ் 1950இல் நியூயார்க் மாநிலத்தின் ஸ்கனெக்டடி நகரில் பிறந்தவர். வில்லியம்ஸ் கல்லூரியில் உளவியல் படித்து 1972இல் வெளியே வந்தார். திரைப்படப் பள்ளி எதற்கும் போனதில்லை. முதியோர் இல்லத்தில் பணியாள், தினக்கூலி, இறைச்சித் தொழிற்சாலை ஊழியர் என்று பல வேலைகள் பார்த்துக்கொண்டே சிறுகதைகள் எழுதினார். முதல் நாவல் 1975இல் வந்தது. இரண்டாவது நாவலான ‘யூனியன் டூஸ்’ 1977இல் வந்து, அமெரிக்கத் தேசியப் புத்தக விருதுக்கான இறுதிப் பட்டியலில் இடம்பெற்றது. மேற்கு வர்ஜீனியாவின் சுரங்கத் தொழிலாளர் குடும்பத்துக் கதை அது. கோர்மனின் நிறுவனத்தில் கதைப்பிரிவைப் பார்த்துவந்த ஃபிரான்சஸ் டோயல் நல்ல வாசகர். சஞ்சிகைகளில் வரும் சிறுகதைகளைத் தேடிப் படிப்பவர். செய்ல்ஸுக்கு வேலை கொடுக்கலாம் என்று தோன்றியது அவருக்குத்தான். இலக்கியச் சஞ்சிகை வாசிப்பு ஒரு பிரானா மீன் படத்துக்கு ஆள் பிடித்துக் கொடுத்தது.

கோர்மனின் பட்டறையில் எழுத்தாளருக்குக் கிடைத்த அபூர்வமான வசதி, எழுதியது உடனே படமாகிவிடும் என்பது. பெரிய ஸ்டூடியோக்களில் ஒரு திரைக்கதை ஆண்டுக்கணக்கில் அலமாரியில் கிடக்கும். இங்கே சில மாதங்களில் திரைக்கு வரும்; எது வேலை செய்கிறது, எது படுத்துவிட்டது என்று எழுதியவரே திரையரங்கில் உட்கார்ந்து பார்த்துக்கொள்ளலாம். ‘தி லேடி இன் ரெட்’, ‘பேட்டில் பியாண்ட் தி ஸ்டார்ஸ்’ இரண்டும் கோர்மனுக்காக எழுதியவை. கோர்மனுக்கு வெளியே ‘அலிகேட்டர்’ (1980), ‘தி ஹௌலிங்’ (1981) வந்தன. சாக்கடையில் வளர்ந்த ராட்சத முதலையின் கதையான ‘அலிகேட்டர்’ படத்தில் அவர் செய்திருப்பதைக் கவனிக்க வேண்டும். முதலை முதலில் பாதாளச் சாக்கடையில் வேலை செய்பவர்களைத் தின்கிறது. பிறகு ஏழைகள் வாழும் தெருக்களுக்கு வருகிறது. படிப்படியாக ஏறிக் கடைசியில் பணக்காரர் மாளிகையின் கல்யாண விருந்துக்குள் புகுந்துவிடுகிறது. வர்க்க ஏணியை ஒவ்வொரு படியாகத் தின்றுகொண்டே ஏறும் முதலை! தயாரிப்பாளர் கேட்டது முதலைப் படம். அதை ஒரு குறையும் இல்லாமல் கொடுத்துவிட்டுத் தனக்கு வேண்டியதையும் அதற்குள்ளேயே எழுதிவிட்டார்.

முதல் படமான ‘ரிட்டர்ன் ஆஃப் தி சீகாக்கஸ் செவன்’ எழுதப்பட்ட விதம், சினிமா எடுக்க நினைக்கும் எந்த இளைஞரும் பாடமாகப் படிக்க வேண்டியது. கையில் சுமார் 40,000 டாலர். முடித்து வெளியே கொண்டுவர எல்லாம் சேர்த்து 60,000 ஆனது. இந்தத் தொகைக்கு என்ன கிடைக்கும் என்று கணக்குப் போட்டுவிட்டே எழுத உட்கார்ந்தார். தொழில்முறை நடிகர் சங்கத்தில் இல்லாத, திறமையான நடிகர்கள் யாரைத் தெரியும்? நியூ ஹாம்ப்ஷயரில் நார்த் கான்வே என்ற மலையூரின் கோடைக்கால நாடகக் குழுவில் தன்னோடு வேலை செய்த நண்பர்கள். அவர்கள் எல்லோருக்கும் வயது முப்பதை ஒட்டி. எனவே கதை முப்பதைத் தொடும் நண்பர்களைப் பற்றியதாக இருக்கும். பலர் இருப்பதால் ஒரு கதாநாயகன் வேண்டாம், கூட்டமாகவே இருக்கட்டும். பனிச்சறுக்கு விடுதி ஒன்று சீசன் இல்லாத காலத்தில் மலிவாகக் கிடைத்தது. குழுவினர் தங்கியதும் அங்கேதான், படம் பிடித்ததும் அங்கேதான். கதை ஒரு வாரஇறுதிக்குள் முடிந்துவிடும். வியட்நாம் போருக்கு எதிரான ஆர்ப்பாட்டத்துக்கு வாஷிங்டன் போகும் வழியில், சீகாக்கஸ் என்ற ஊரில் ஒன்றாகக் கைதானவர்கள் பத்தாண்டுக்குப் பிறகு கூடுகிறார்கள். அதிகம் எதுவும் நடக்காது. பேசுவார்கள், சமைப்பார்கள், பழைய காதல்களைக் கிளறிக்கொள்வார்கள்.

16 மி.மீ. கேமராவை நகர்த்தும் தண்டவாளத்துக்கும் கிரேனுக்கும் பணமில்லை. கேமரா அசையாவிட்டால் படம் நாடகம்போல் தேங்கிவிடும் என்பது செய்ல்ஸுக்குத் தெரியும். அதற்கு அவர் எழுத்திலேயே வழி செய்தார்: ஒரே நேரத்தில் நிறையப் பேரின் கதைகளை ஓடவிட்டால் ஒருவரிடமிருந்து இன்னொருவரிடம் வெட்டிவெட்டிப் போகலாம், அந்த வெட்டே அசைவாகிவிடும். ஆண்கள் கூடைப்பந்து ஆடும் நீண்ட காட்சி இப்படி உருவானது. வசனம் குறைவு. யார் யாரை இடிக்கிறார்கள், யார் யாருக்குப் பந்தைக் கொடுக்க மறுக்கிறார்கள் என்பதிலேயே ஒரு பெண்ணைக் குறித்து அவர்களுக்குள் ஓடும் பொருமல் வெளியே வந்துவிடுகிறது. படத்தொகுப்பையும் அவரே செய்தார். 1980இல் லாஸ் ஏஞ்சலிஸ் விமர்சகர்கள் இதைச் சிறந்த திரைக்கதையாகத் தேர்ந்தார்கள். 1997இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் படம் சேர்க்கப்பட்டது. இன்று பார்த்தால் ஒளியமைப்பு சுமார்தான், சில நடிப்புகள் தடுமாறுகின்றன. ஆனால் அந்த மனிதர்கள் ஒருவரையொருவர் பல்லாண்டுகளாக அறிந்தவர்கள் என்பதை ஒரு கணமும் நாம் சந்தேகிப்பதில்லை. பெரும் பணம் போட்டு எடுத்த எத்தனையோ நட்புப் படங்களில் இது கிடைக்காது.

அடுத்து ‘லியானா’ (1983). சிறு முதலீட்டாளர்களிடம் திரட்டிய சுமார் 3 லட்சம் டாலரில், இன்னொரு பெண்ணைக் காதலிக்கும் குடும்பப் பெண்ணின் கதை. அதே 1983இல் பாரமவுண்ட் வெளியிட்ட ‘பேபி இட்ஸ் யூ’ வந்தது. ஸ்டூடியோவோடு அவர் பட்ட முதல் பெரிய பாடு இது. பள்ளிக்கூடக் காதலோடு கலகலப்பாக முடியும் படம் அவர்களுக்கு வேண்டியிருந்தது. அந்தக் காதல் கல்லூரிக் காலத்தில் வர்க்க வேறுபாட்டில் மோதிச் சிதறுவதுதான் செய்ல்ஸின் கதை. படத்தொகுப்பு மேசையில் சண்டை நடந்தது. படம் ஏறக்குறைய அவர் விரும்பியபடியே வெளிவந்தாலும், இறுதித் தொகுப்பு உரிமை தன் கையில் இல்லாத படத்தை இயக்குவதில்லை என்ற முடிவுக்கு அவர் வந்தது இதன் பிறகே. அந்த உரிமையின் விலை என்ன என்பதும் அவருக்குத் தெரியும்: பட்ஜெட் சிறுக்கும், நட்சத்திரங்கள் கிடையாது, விளம்பரம் கிடையாது. ஆகவே கூலி எழுத்து இன்னும் கூடுதலாகத் தேவைப்படும்.

இந்த இடத்தில் 1983–84இல் நடந்த ஒரு திருப்பம் முக்கியமானது. 1920ஆம் ஆண்டு மேற்கு வர்ஜீனியச் சுரங்கத் தொழிலாளர் போராட்டத்தைப் பற்றிய ‘மேட்வான்’ திரைக்கதை தயார். முன்னேற்பாடுகள் நடந்துகொண்டிருந்தபோது பண ஏற்பாடு கடைசி நேரத்தில் குலைந்தது. அந்த ஓராண்டைக் காத்திருந்தே கழித்திருக்கலாம். செய்ல்ஸ் தன் சொந்தப் பணம் சுமார் 3.5 லட்சம் டாலரில் முடிக்கக்கூடிய வேறு கதையை எழுதி, நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் நான்கு வாரத்தில் எடுத்துவிட்டார். ‘தி பிரதர் ஃப்ரம் அனதர் பிளானட்’ என்ற அந்தப் படத்தின் நாயகன் வேற்றுக்கிரகவாசி, வாய் பேசாதவன், பார்ப்பதற்குக் கறுப்பின மனிதன். சிறப்பொலிக்கும் சிறப்புக் காட்சிக்கும் காசில்லாத அறிவியல் புனைகதை. அவனைத் துரத்தும் வெள்ளை ஆட்கள் இருவரில் ஒருவராக செய்ல்ஸே நடித்தார்.

அதில் சுரங்க ரயில் காட்சி ஒன்று வருகிறது. சீட்டு வித்தை காட்டும் இளைஞன் நாயகனிடம் கதையளந்துகொண்டே வித்தை செய்கிறான். முடித்துவிட்டு, இன்னொரு வித்தை காட்டட்டுமா, இந்தப் பெட்டியிலுள்ள வெள்ளைக்காரர்கள் எல்லோரையும் மறையச் செய்கிறேன் என்கிறான். ரயில் 59ஆம் தெரு நிலையத்தில் நிற்கிறது. அடுத்த நிறுத்தம் ஹார்லெம். வெள்ளையர்கள் எழுந்து இறங்கிப் போகிறார்கள், அந்த இளைஞனும் சேர்ந்தே இறங்குகிறான். கதவு மூடுகிறது. ஒரு நகரத்தின் நிறப் பிரிவினை முழுவதையும் காட்டிவிட்ட இந்தக் காட்சிக்கு ஒரு ரயில் பெட்டியும் ஒரு சீட்டுக்கட்டுமே செலவு. எளிமையான யோசனைதான். ஆனால் அந்த ரயில் தடத்தையும் எந்த நிலையத்தில் யார் இறங்குகிறார்கள் என்பதையும் பார்த்துக்கொண்டே இருந்த ஒருவருக்குத்தான் இது தோன்றும்.

‘மேட்வான்’ 1987இல் வந்தது. மேட்வான் ஊரில் 1920 மே 19 அன்று நிறுவனத்தின் தனியார் துப்பறிவாளர்களுக்கும் ஊராருக்கும் நடந்த துப்பாக்கிச் சண்டையில் துப்பறிவாளர்கள் ஏழு பேர், சுரங்கத் தொழிலாளர்கள் இருவர், ஊர் மேயர் என்று பத்துப் பேர் இறந்தார்கள். நாவலுக்காகத் தகவல் சேகரித்த காலத்திலிருந்து செய்ல்ஸின் மனத்தில் ஊறிய வரலாறு இது. வெள்ளைத் தொழிலாளர், தெற்கிலிருந்து கொண்டுவரப்பட்ட கறுப்பினத் தொழிலாளர், இத்தாலியக் குடியேறிகள் என்று மூன்று கூட்டத்தையும் ஒன்றுக்கொன்று எதிராக நிறுத்துவதுதான் நிறுவனத்தின் உத்தி. மூவரும் ஒரு சங்கமாவதுதான் கதை. காலம் உறைந்த சிற்றூரான தர்மண்டில் படம் பிடித்தார்கள். ஒளிப்பதிவாளர் ஹாஸ்கெல் வெக்ஸ்லர் ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். கிறிஸ் கூப்பரின் முதல் படம் இது. இந்தப் படம் உருவான விதத்தை செய்ல்ஸ் ‘திங்கிங் இன் பிக்சர்ஸ்’ என்ற புத்தகமாகவே எழுதினார். திரைக்கதை எழுதுவோர் படிக்க வேண்டிய நூல்களில், சூத்திரம் எதையும் விற்காத நூல் அது.

அடுத்த ஆண்டு வந்த ‘எய்ட் மென் அவுட்’ திரைக்கதையின் வயதோ பதினொன்று. 1919 பேஸ்பால் சூதாட்டத்தைப் பற்றிய எலியட் ஆசினாஃபின் புத்தகத்தை, உரிமை கையில் இல்லாமலேயே, தன் திறமைக்கு மாதிரியாக எழுதி வைத்திருந்தார். திரைத்துறைக்குள் நுழையச் செய்த மாதிரி, ஓரியன் நிறுவனத்தின் தயாரிப்பில் 119 நிமிடப் படமாக வெளிவந்தது.

இவ்வளவுக்கும் நடுவே மறுகையில் நடந்த எழுத்து வேலையைச் சொல்லாவிட்டால் இந்தக் கதை பாதிதான். ஹாலிவுட்டில் ஒரு திரைக்கதை படப்பிடிப்புக்குப் போகுமுன் பலர் கைக்கு மாறும். சாதாரணமாக, திரைக்கதையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் தன் பங்களிப்பு என்று நிரூபித்தால்தான் ஒருவர் பெயர் திரையில் வரும்; மூலக்கதையோடு புதிதாக எழுதப்பட்டதைத் திருத்துகிறவராக இருந்தால் பாதியாவது அவருடையதாக இருக்க வேண்டும். எழுத்தாளர் சங்கத்தின் விதி இது. பெயர் வந்தால் பிற்கால வருவாயில் பங்கு உண்டு; வராவிட்டால் எழுதிய கூலியோடு சரி. செய்ல்ஸ் அந்தக் கூலியிலேயே தன் படங்களை நடத்தினார். ‘அப்போலோ 13’ (1995) திரைக்கதையில் அவர் திருத்திய பகுதிகள் உண்டு, பெயர் இல்லை. 1980இல் ஸ்பீல்பெர்கிற்காக ‘நைட் ஸ்கைஸ்’ என்ற பயங்கரப் படத்தை எழுதினார். அது எடுக்கப்படவில்லை. வந்திறங்கிய வேற்றுக்கிரகக் கூட்டத்தில் நல்லவனான ஒருவன் மட்டும் பூமியில் தனித்து விடப்படுவதோடு அந்தத் திரைக்கதை முடிந்தது. அங்கிருந்து முளைத்ததுதான் மெலிசா மேத்திசன் எழுதிய ‘ஈ.டி.’ அந்தப் படத்துக்கு செய்ல்ஸ் உரிமை கோரவில்லை. தன்னுடையது வேறு கதை என்பதே அவர் நிலை. இதை நான் பெருந்தன்மை என்று மட்டும் சொல்ல மாட்டேன். எது தன்னுடையது, எது பிறருக்காகச் செய்தது என்ற தெளிவு அவருக்கு இருந்தது. பிறருடைய கதையில் தன் பெயரைத் தேடாததால்தான் தன் கதையில் பிறர் கைவைக்க அவர் விடவில்லை.

அவருடைய உச்சம் ‘லோன் ஸ்டார்’ (1996). டெக்சஸின் மெக்சிக எல்லையோரத்தில் ஒரு கற்பனை ஊர். ராணுவம் கைவிட்ட துப்பாக்கிச்சுடு திடலில் ஓர் எலும்புக்கூடும் பழைய ஷெரிஃப் ஒருவரின் அடையாள வில்லையும் கிடைக்கின்றன. இப்போதைய ஷெரிஃப் சாம், ஊரே கொண்டாடும் தன் தந்தை பட்டி டீட்ஸ்தான் கொலையாளியோ என்று விசாரிக்கத் தொடங்குகிறார். படத்தின் முதல் நினைவுகூரலைப் பார்க்கலாம். உணவகத்தில் மேயர் ஹாலிஸ் அந்தக் கால ஷெரிஃப் சார்லி வேடின் கொடுமையைக் கதையாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். கேமரா அவர் முகத்திலிருந்து மேசைக்கு இறங்குகிறது. அங்கே ரொட்டிக் கூடை. ஒரு கை வந்து ரொட்டியைத் தூக்குகிறது. அடியில் லஞ்சப் பணம். கேமரா அந்தக் கையோடு மேலேறினால் அங்கே உட்கார்ந்திருப்பவர் சார்லி வேட். நாற்பதாண்டுகள் பின்னால் வந்துவிட்டோம். வெட்டு இல்லை, மங்கி மாறும் உத்தி இல்லை. கேமரா பார்க்காத இடத்தில் நடிகர்கள் மாறிக்கொண்டார்கள், விளக்கு மாறியது, அவ்வளவுதான்.

வெட்டு என்பதே ஓர் எல்லைக்கோடு, இந்தப் படத்தில் நேற்றுக்கும் இன்றுக்கும் நடுவே அப்படியொரு கோட்டைப் போட விரும்பவில்லை என்று செய்ல்ஸ் விளக்கியிருக்கிறார். நாடுகளுக்கும் இனங்களுக்கும் நடுவே கிழிக்கப்பட்ட கோடுகளைப் பற்றிய படத்துக்கு இதைவிடப் பொருத்தமான உத்தி இருக்க முடியாது. நாடக மேடையில் தொடங்கியவருக்குத்தான் இது கைவந்திருக்கும் என்றும் நினைக்கிறேன். ஊர்ப் பள்ளியில் வரலாற்றுப் பாடநூலை எப்படி நடத்துவது என்று வெள்ளைப் பெற்றோரும் மெக்சிக வழிவந்தவர்களும் மோதும் காட்சி இன்று இன்னும் சுடுகிறது. ‘பேஷன் ஃபிஷ்’ (1992) படத்துக்குப் பிறகு இரண்டாம் முறையாக அவருக்கு மூலத் திரைக்கதைக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது.

குறைகளைச் சொல்லாமல் போக முடியாது. அவருடைய பாத்திரங்கள் சில நேரம் தங்கள் அரசியலைத் தாங்களே விளக்கத் தொடங்கிவிடுகிறார்கள். ஜார்ஜ் புஷ்ஷை நினைவூட்டும் அரசியல்வாதியை வைத்து எடுத்த ‘சில்வர் சிட்டி’ (2004) கோபத்தில் எழுதப்பட்டது. கோபம் தெரிகிறது, மனிதர்கள் தெரிவதில்லை. பெரும்பாலான படங்களை அவரே எழுதி, இயக்கி, தொகுத்ததால் ‘இந்தக் காட்சி வேண்டாம்’ என்று சொல்ல மேசையில் இன்னொருவர் இல்லாமல் போனதும் உண்டு. ஆனால் நடிகர்கள் அவரிடம் ஏமாந்ததில்லை. சிறு வேடத்தில் வருபவருக்குக்கூட அந்தப் பாத்திரத்தின் பின்னணியைத் தனிக் குறிப்பாக எழுதிக் கொடுப்பது அவர் வழக்கம். டேவிட் ஸ்ட்ராதேர்ன், கிறிஸ் கூப்பர், ஜோ மார்ட்டன் போன்றவர்கள் குறைந்த சம்பளத்துக்குத் திரும்பத் திரும்ப வந்ததற்கு இதுவும் காரணமாக இருக்க வேண்டும். மேகி ரென்சியின் பங்கு இவை எல்லாவற்றுக்கும் மேல். கல்லூரிக் காலத்திலிருந்து வாழ்க்கைத்துணை, முதல் படத்தின் நடிகை, பெரும்பாலான படங்களின் தயாரிப்பாளர். ‘தி சீக்ரெட் ஆஃப் ரோன் இனிஷ்’ என்ற அயர்லாந்துக் கடல்தேவதைக் கதையைப் படமாக்கத் தூண்டியவரும் அவர்தான்.

2000க்குப் பிறகு நிலம் நழுவியது. சிறுபடங்களை வாங்கி வெளியிட்ட ஸ்டூடியோக் கிளைகள் ஒவ்வொன்றாக மூடின. வார்னர் இண்டிபெண்டன்ட் 2008இல் போனது, மிராமேக்ஸை டிஸ்னி 2010இல் கைகழுவியது. டிவிடி விற்பனை தந்த முன்பணமும் வற்றியது. 1950களின் அலபாமாவில் மின்கிட்டார் வந்த கதையைச் சொல்லும் ‘ஹனிடிரிப்பர்’ (2007) பெரும்பகுதி செய்ல்ஸ்–ரென்சி இருவரின் சொந்தப் பணம். அமெரிக்கப் படைகள் பிலிப்பைன்ஸைப் பிடித்த காலத்தைச் சொல்லும் ‘அமிகோ’ (2010) போஹோல் தீவில், டகாலோக் மொழி பேசும் பிலிப்பைன்ஸ் நடிகர்களோடு எடுக்கப்பட்டது. அமெரிக்கப் பாடநூல்கள் ஒரு பத்தியில் தாண்டிவிடும் போர் அது. ஆட்டக்காரர்கள் பெரிதும் மாறிவிட்ட சந்தையில் இரண்டுக்கும் திரையரங்குகள் கிடைத்தது கொஞ்சமே. 2013இல் ‘கோ ஃபார் சிஸ்டர்ஸ்’. அதன்பின் அவர் இயக்கிய படம் எதுவும் வரவில்லை.

எழுத்து நிற்கவில்லை. எடுக்கப் பணம் கிடைக்காத திரைக்கதைகளை அவர் நாவல்களாக மாற்றத் தொடங்கினார். பிலிப்பைன்ஸ் போர்க் காலத்தைச் சொல்லும் ‘எ மொமென்ட் இன் தி சன்’ (2011) திரைக்கதையாகப் பிறந்து 900 பக்கங்களைத் தாண்டிய நாவல். 18ஆம் நூற்றாண்டு ஸ்காட்லாந்துக் கிளர்ச்சிக்காரனின் கதையான ‘ஜேமி மெக்கிலிவ்ரே’ (2023) நடிகர் ராபர்ட் கார்லைல் கேட்டதால் எழுதிய திரைக்கதையிலிருந்து வந்தது. பழங்குடிப் பிள்ளைகளை அவர்கள் மொழியிலிருந்தும் குடும்பத்திலிருந்தும் பிரித்து வளர்த்த கார்லைல் பள்ளியைப் பற்றிய ‘டு சேவ் தி மேன்’ 2025இல் வெளிவந்தது. அதுவும் முதலில் திரைக்கதையாக எழுதப்பட்டதுதான். நாவலில் ஆயிரம் குதிரைகளுக்கும் போர்க்களத்துக்கும் தனியாகச் செலவில்லை. ஆனாலும் ரொட்டிக் கூடையில் இறங்கி நாற்பதாண்டுகளைக் கடந்து மேலேறும் அந்தக் கேமரா இந்த நாவல்களில் எந்தப் பக்கத்திலும் இல்லை. எழுபதைத் தாண்டிய ஒரு பெரும் இயக்குநரிடம் படமாகக் காத்திருக்கும் திரைக்கதைகள் கைவசம் இருந்தும், அவற்றை நாம் புத்தகங்களாக மட்டுமே படித்துக்கொண்டிருக்கிறோம்.